சாப்பிட்டாச்சா?

குளத்து ஆமையைப் பார்க்கும்போதெல்லாம் மீன்கொத்தி, "அண்ணே, சாப்பிட்டாச்சா?" என்று கேட்கும். ஆமைக்கோ எதிலும் நியாயம் பேசாவிட்டால் இருப்புக்கொள்ளாது.

"வாயில பாசி தொங்குதே, கண்ணு தெரியலையா? பதில் தெரியாததைக் கேட்டாத்தான் அது கேள்வி. இது வெட்டிப்பேச்சு" என்று ஒருநாள் வெடுக்கென்று சொல்லிவிட்டது.

சொன்னது சரிதானே என்று மீன்கொத்தியும் மறுநாளிலிருந்து பேசாமல் பறந்துபோக ஆரம்பித்தது.

வாதத்தில் ஜெயித்த ஆமைக்கு நாலு நாளாகப் பாசி தொண்டையில் இறங்கவில்லை. ஐந்தாம் நாள் மீன்கொத்தி தலைக்கு மேலே போனபோது, வாய் நிறையப் பாசியோடு கத்தியது: "தம்பி, நான் இன்னும் சாப்பிடலடா!"

மீன்கொத்தி சட்டென்று கரையில் இறங்கியது. தொங்கும் பாசியைப் பார்த்தது.

"அய்யய்யோ, ஏண்ணே சாப்பிடல?" என்று பக்கத்தில் உட்கார்ந்து கேட்டது.