பொதுக் கோப்பு

இறந்தவரின் செயற்கைக் கண்களை இயக்கும் மென்பொருளை அடக்கத்துக்கு முன்பே வீட்டுக் கணினியிலிருந்து நீக்கிவிட வேண்டும் என்பது சட்டம். செபாஸ்தியானின் மனைவி ரோஸ்லின் அழுதபடியே கணினி முன் உட்கார்ந்தாள். வாசலில் கல்லறை வண்டி ஹாரன் அடித்து அவசரப்படுத்தியது. அதே ரகக் கண்கள் பொருத்திய மகள் ஜெனிட்டா, கூடத்தில் அப்பாவின் பெட்டிமேல் குனிந்திருந்தாள்.

“காட்சியை வரையும் இந்தக் கோப்பை வேறு கண்களும் பயன்படுத்தக்கூடும். இதையும் நீக்கலாமா?” என்று திரை கேட்டது. இத்தனை வருஷத்தில் எந்தக் கேள்வியைப் படித்தாள், இதைப் படிக்க? ‘ஆம்’ என்பதை அழுத்தினாள்.

“யம்மா, லைட்ட யாரு அணச்சது?” என்றாள் ஜெனிட்டா. “நான் இன்னும் அப்பா முகத்தப் பாத்து முடிக்கலியே!”

பெட்டிக்குள் நடுப்பகல் வெயில் விழுந்துகொண்டிருந்தது.