கிளாடிஸ் கொண்டுபோன புத்தகம்

"ஏளா, பொய் சொல்லாத. நீ வீட்டுக்குக் கொண்டுபோகும்போது இந்தத் தாள் இருந்துச்சு. இப்ப எங்க?"

ஜெபசெல்வி டீச்சர் புத்தகத்தை விரித்துக் காட்டினாள். நடுவில் ஒரு தாள் அடியோடு கிழிக்கப்பட்டிருந்தது. அது 1973. ஏழாம் வகுப்பே எட்டிப் பார்த்தது.

"நான் கிழிக்கல டீச்சர்," என்றாள் கிளாடிஸ்.

"அப்ப அதுவா பறந்து போச்சா?"

கிளாடிஸுக்குக் கண் கலங்கியது.

ஜெபசெல்விக்கு ஆத்திரம் அடங்கவில்லை. வரலாறு, அறிவியல், கதை என்று பிள்ளைகளுக்கான புத்தகங்களாகத் தேடித் தேடிப் பள்ளிக்கூடத்து நூலக அலமாரியை நிரப்பியவள் அவள். "பிள்ளைங்க கையில கொடுத்தா உருப்படியாத் திரும்பி வராது, பூட்டியே இருக்கட்டும்" என்ற தலைமையாசிரியையிடம் மன்றாடித்தான், வீட்டுக்குக் கொடுத்தனுப்ப அனுமதி வாங்கியிருந்தாள். அதிலும் இந்தப் புத்தகம் அவளுக்கு உயிர். இந்தக் கடற்கரையில் முத்துக்குளித்த வரலாற்றைப் பிள்ளைகளுக்குப் புரிகிற மாதிரி, படங்களோடு சொல்லும் புத்தகம். இனி தலைமையாசிரியை முகத்தில் எப்படி விழிப்பது?

"கருவாட்டு வாடை அடிக்கிற வீட்டுக்குப் புத்தகம் கொடுத்தனுப்புனது என் தப்பு. நாளைக்கு உங்க அப்பாவைக் கூட்டிட்டு வா."

வாயிலிருந்து வந்த பிறகு அந்த வார்த்தை அவளுக்கே உறுத்தியது. ஆனாலும் பிள்ளைகள் முன்னால் அதைத் திரும்ப எடுத்துக்கொள்ள மனம் வரவில்லை.

மறுநாள் காலையில் கிளாடிஸின் அப்பா சிலுவை வந்தார். துறைமுகத்தில் தோணிகளுக்கு உப்பு மூட்டை ஏற்றுகிறவர். ஒருநாள் கூலியை விட்டுவிட்டு, வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தார்.

"பிள்ளை மேல தப்பு இல்ல டீச்சரம்மா. நான்தான் கிழிச்சேன்."

"நீங்களா? எதுக்கு?"

சிலுவை பக்கத்தில் நின்ற மகளை ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

"கருவாடு பொதியத் தாள் தேடினேன். அவசரத்துல இது கையில ஆப்பிட்டுது."

தான் நேற்றுச் சொன்னது சரியாகத்தான் போயிற்று என்று ஜெபசெல்விக்குத் தோன்றியது. உறுத்தல்கூடக் கொஞ்சம் குறைந்தது.

"அதை வகுப்புல வந்து சொல்லுங்க. கிளாடிஸை எல்லார் முன்னாலயும் ஏசிட்டேன். எல்லார் முன்னாலயும்தான் அவ பேரு தெளியணும்."

சிலுவை தயங்கினார். பிறகு தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு உள்ளே போனார். அத்தனை பிள்ளைகள் முன்னால், தலையைக் குனிந்தபடியே சொன்னார்.

"எம்மவ கிழிக்கல. விவரம் கெட்டத்தனமா நான்தான் கருவாடு பொதியக் கிழிச்சிட்டேன்."

பின் பெஞ்சியில் ஒருத்தி மூக்கைப் பிடித்துக்கொண்டாள். சிரிப்பு வரிசை வரிசையாக முன்னால் வந்தது. கிளாடிஸ் டெஸ்க்கில் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டாள். மகள் தன்னைப் பார்க்கக் கூசுவதைச் சிலுவை பார்த்துக்கொண்டே நின்றார். ஜெபசெல்வி பிள்ளைகளை அடக்கவில்லை. இவருக்கு இது தேவைதான் என்று விட்டுவிட்டாள்.

வராந்தாவுக்கு வந்த பிறகும் அவள் விடவில்லை.

"நல்லா வாசிக்கிற பிள்ளை. பெத்த அப்பா நீங்களே இப்படிச் செய்யலாமா? அவளை ஒரு நிமிஷம் நினைச்சுப் பாத்தீங்களா?"

"அவளை நினைச்சுத்தான் டீச்சரம்மா."

சிலுவை சட்டைப்பையிலிருந்து நான்காக மடித்த தாள் ஒன்றை எடுத்து நீட்டினார். கிழிபட்ட அதே தாள். அதில் கருவாட்டு வாடை இல்லை. ஒரு கறைகூட இல்லை.

"இதைத் திரும்ப ஒட்டிருங்க. ஆனா அவ இந்தப் பள்ளிக்கூடத்தை விட்டுப் போன பொறவு ஒட்டுங்க."

ஜெபசெல்வி பிரித்துப் பார்த்தாள். தோணி விளிம்பில் முத்துக்குளிக்கும் ஆட்கள் உட்கார்ந்திருக்கும் படம். முன்னால், கையில் கயிற்றோடு ஒரு இளவட்டம் சிரித்துக்கொண்டிருந்தான். கீழே, '1961 முத்துக்குளிப்பில் கடலில் மாண்ட கீழவைப்பார் ரோச், தன் கூட்டாளிகளுடன்' என்று போட்டிருந்தது.

"யாரு இது?"

"என் கூடப்பிறந்த அண்ணன்."

ஜெபசெல்விக்குக் கோபம் திரும்ப வந்தது. "அண்ணன் படம் சரித்திரப் புத்தகத்துல வந்திருக்கு. இதை மகள்கிட்ட பெருமையாக் காட்ட வேண்டாமா? இதைப் போயா கிழிச்சு மறைப்பாங்க? வகுப்புல வேற என்னென்னவோ சொன்னீங்களே?"

சிலுவை ஜன்னல் வழியாக உள்ளே பார்த்தார். கிளாடிஸ் இன்னும் முகத்தை எடுக்கவில்லை. அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"அவதான் முதல்ல இந்தப் படத்தை எங்கிட்ட காட்டினா. 'அப்பா, இந்த ஆளு அப்படியே என் சாடையில இருக்காருல்லா'ன்னு சிரிச்சா. அடியில இருக்கிற பேரையும் ஊரையும் அவ வாசிக்கிறதுக்குள்ள எடுத்திரணும்னு பட்டுது."

ஜெபசெல்வி மறுபடியும் படத்தைப் பார்த்தாள். அதே நெற்றி. சிரித்தால் ஒரு பக்கம் மட்டும் குழியும் அதே கன்னம். அதற்கு மேல் அவரை நிமிர்ந்து பார்க்க அவளால் முடியவில்லை.

"அண்ணன் கடல்ல போனப்ப இவ தாய் வயித்துல இருந்தா டீச்சரம்மா," என்றார் சிலுவை. "நான்தான் பெத்த அப்பன்னு இன்னைக்கு வரைக்கும் நம்பிட்டிருக்கா."