தங்கை சொன்னது

காலை பத்தே கால் மணிக்கு அந்தக் கட்டுரை ஷாமிலியின் திரைக்கு வந்தது. வேறு தளங்களில் வந்தவற்றைச் சொல் மாற்றித் தங்கள் தளத்தில் போடுவதுதான் அந்த அலுவலகத்தின் தொழில். மூலத்தோடு ஒத்துப்போகும் வரி சிவப்பாக நிற்கும்; மாற்றினால் பச்சையாகும்.

கட்டுரை, ரெக்கார்டுகளைக் கையால் சுழற்றி இசைத்துவந்த, போன மாதம் விபத்தில் இறந்த ஹிப்ஹாப் கலைஞன் டிஜே கரண்ட் பற்றியது. அவன் அவளுடைய அண்ணன் என்று அங்கே யாருக்கும் தெரியாது. காய்ச்சல் என்று லீவு போட்டுவிட்டுத்தான் மயானத்துக்குப் போனாள்.

‘இறந்தார்’ என்பதை ‘மறைந்தார்’ ஆக்கினாள். ‘விபத்து’ ‘அசம்பாவிதம்’ ஆயிற்று. கடைசியில் ஒரு வரி மட்டும் சிவப்பாக நின்றது. ‘அண்ணன் ரெக்கார்டில் கைவைத்தால் எதிர்வீட்டு நாய்கூட எழுந்து உட்காரும் என்றார் தங்கை.’

மயான வாசலில் நிருபரிடம் அவள் சொன்னது.

‘சகோதரர் இசைக்கத் தொடங்கினால் அண்டை வீட்டுப் பிராணியும் விழித்தெழும்’ என்று அடித்தாள். பச்சையாயிற்று. அழித்துவிட்டுப் பழையதையே போட்டாள். எழுந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள். இன்னும் சிவப்பு.

எடிட்டர் சேவியர் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தார்.

“என்னம்மா, அந்தத் தங்கச்சிகிட்டயே முட்டிக்கிட்டு நிக்கிற? நீயே அந்தப் பொண்ணுன்னு நெனச்சுக்கிட்டு வேற ஏதாவது சொல்லேன்?”