பூக்காத தொட்டிகள்

வேலை முடிந்து தோர்ண்டன் ஹீத் வீட்டுக்கு வந்த எமில்டா வாசலிலேயே உறைந்து நின்றாள். மூன்று தொட்டிகளிலும் புதிய பெட்டூனியாப் பூக்கள்.

"என்னப்பா, காட்டுப்பூச் செடியெல்லாம் எங்கை?"

"பிடுங்கிப் போட்டன். காலமை குப்பை லொறியும் கொண்டுபோயிட்டுது," என்றார் கணவர் ஞானரட்ணம். "ரெண்டு வருஷமா வெறும் புல்லு! ஃபாதர் இண்டைக்கு வீடு மந்திரிச்சு ஆசீர்வதிக்க வரேக்க வாசல் வடிவா இருக்க வேண்டாமே?"

"ஐயோ! முதல் ரெண்டு வருஷம் அதுகள் வேர்தான் விடும். இந்த வருஷந்தான் பூக்கும். அதோட, அதுகள்..."

வாசலில் கார் வந்து நின்றது. இறங்கிய ஃபாதர் தொட்டிகளைச் சுற்றிப் பார்த்தார்.

"எமில்டா, என்ர செடிகளை இவ்வளவு காலம் பாத்ததுக்கு நன்றி. ஞாயிற்றுக்கிழமை ஆயர் அதுகளை கோயில் வளவில இருக்கிற மாதா கெபியடியில நடப்போறார். ஞானம், எங்கை எடுத்து வைச்சிருக்கிறியள்?"