தூங்காதவனின் குடும்பப் பெயர்

வாதிம் காரை நிறுத்தியதும் முதலில் கண்ணில் குத்தியது அந்தப் பலகைதான்: 'பெஸ்ஸோனவ் டயர் கடை'. அவன் கட்டிக்கொள்ளப் போகிற தைசியா, விவாகரத்து வாங்கி நாலு வருஷமாகியும் விடாமல் வைத்திருக்கும் அதே குடும்பப் பெயர். பெண் என்பதால் அவளுக்குக் கடைசியில் ஒரு 'ஆ' கூடுதல், அவ்வளவுதான்.

நாளை இருவரும் பதிவு அலுவலகத்துக்குப் போக வேண்டும். நேற்று சாப்பிடும்போது அவன் மெல்ல ஆரம்பித்தான்.

“கல்யாணத்துக்கப்புறம் நீ என் பேர்ல தைசியா கோர்ஷுனவாதானே?”

“இல்லையே. என் பேரு இப்பிடியே இருக்கட்டும்.”

“அப்பிடி என்ன இருக்கு அதுல?”

“என்ன இப்பிடிக் கேட்டுட்டே? முதல் பெஸ்ஸோனவ் எங்க முப்பாட்டன். மாவு மில்லுக்குக் காவல். ராத்திரி கண்ணையே மூட மாட்டாராம். தூங்காதவன், தூங்காதவன்னு ஊரே கூப்பிட்டு, அதுவே குடும்பப் பேராயிடுச்சு.” பீட்ரூட் சூப்பில் புளித்த கிரீமைக் கலக்கியபடி அவள் சிரித்தாள். முகத்தில் அத்தனை பெருமை.

வாதிமுக்கு வயிறு எரிந்தது. விட்டுவிட்டு வந்தவன் வீட்டு முப்பாட்டனை 'எங்க முப்பாட்டன்' என்கிறாளே! அவள் மனசில் அந்த முன்னாள் புருஷன் க்ளெப் இன்னும் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கிறான். வாய்விட்டுக் கேட்க ரோஷம் இடம் கொடுக்கவில்லை. அன்று இரவு தூங்காதவன் வாதிம்தான்.

முதல் பனி விழுந்துவிட்டதால் குளிர்கால டயர் மாட்டக் கடையில் நல்ல கூட்டம். க்ளெப் கையைத் துடைத்துக்கொண்டே வந்தான்.

“வண்டிய உள்ள விடுங்க.”

“டயருக்கு வரல. நான் தைசியாவைக் கட்டிக்கப் போறவன்.”

க்ளெப்பின் கை அப்படியே நின்றது.

“உங்க பேரை விட்டுடச் சொல்லி நீங்களே அவகிட்ட ஒரு வார்த்தை சொல்லுங்க. இல்லேன்னா நாளைக்கு நான் பதியப் போறதா இல்ல.”

“என் பேரையா?”

“ஆமா. உங்களையே நெனச்சுக்கிட்டிருக்கா. அதான் விட மனசு வரல அவளுக்கு.”

க்ளெப் சிரிக்கப் பார்த்தான். வரவில்லை.

“அது அவ அப்பா வீட்டுப் பேருங்க. கல்யாணத்தப்ப ஆசையா எடுத்துக்கிட்டது நான். இன்னும் விட மனசு வராததும் எனக்குத்தான்.”