கிழக்குக் கேலரி வீடியோ

"நீங்க அன்னைக்கு மேட்ச்சுக்கு வரலியேண்ணே, அதான் வீடியோவக் கையோட கொண்டாந்தேன்" என்று சொல்லி, மிர்லான் கைபேசியைத் தேநீர்க் கிண்ணத்தின் மேல் சாய்த்து வைத்தான்.

எர்கேபாய் கைபேசியைப் பார்க்கவில்லை. ஜன்னல் வழியே வாசலைப் பார்த்தான்.

வேலிக் கம்பத்தில் கட்டியிருந்த செம்பழுப்புக் குதிரையின் மேல் புதுச் சேணம். நெற்றியில் சிவப்புக் குஞ்சம் வேறு. கல்யாணப் பெண்ணுக்கு ஜோடித்த மாதிரி ஜோடித்திருந்தான் பாவி.

குட்டியிலிருந்து எட்டு வருடம் எர்கேபாய் வளர்த்த குதிரை அது. போன வசந்தத்தில் அவனுடைய முழங்கால் நொறுங்கியது. இனி சேணம் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். நல்ல குதிரை சும்மா நிற்கக் கூடாது என்று அணித் தலைவர் பேசி மிர்லானுக்குக் கைமாற்றினார். மிர்லான் அதற்குப் புயல் என்று பேர் வைத்தான். கேட்ட அன்றே எர்கேபாய்க்கு வயிறு எரிந்தது. இன்னும் அணையவில்லை.

சென்ற ஞாயிறு தலாஸில், குதிரை மேலிருந்தே ஆட்டுடலைப் பறித்து எதிரணியின் கொப்பரையில் போடும் கோக்-போருவின் இறுதி ஆட்டம். இரண்டு அணியும் சமநிலை, பாக்கி ஒரு நிமிடம். தலையில்லாத ஆட்டுடலைத் தொடைக்கடியில் இடுக்கிக்கொண்டு மிர்லான் எதிரணியின் கொப்பரையை நோக்கிப் பாய்ந்தான். தடுக்க ஆளில்லை. உள்ளே வீச வேண்டியதுதான்.

பத்தடி இருக்கும்போது குதிரை சட்டென்று வலப்பக்கம் திரும்பிவிட்டது. ஆட்டுடல் மண்ணில் விழுந்தது. எதிரணிக்காரன் அள்ளிக்கொண்டு பறந்தான். அதோடு கோப்பையும் போயிற்று.

"கொப்பரையைக் கண்டு மிரள்ற குதிரை நமக்கு வேணாம்னு தலைவர் சொல்லிட்டாரு. அதோட மனசு உங்களுக்குத்தாண்ணே தெரியும். எதுக்குத் திரும்புச்சுன்னு பாத்துச் சொல்லுங்க. மிரள்ற குணம்தான்னா நான் விட்டுடறேன்."

விட்டுவிட்டால் அது வேறெங்கே போகும்? இந்த வாசலுக்குத்தான் வரும். "அப்ப இங்கயே கட்டிட்டுப் போ" என்று சொல்ல எர்கேபாய் தயாராக இருந்தான்.

முதல் வீடியோ தொலைக்காட்சியில் வந்தது. சரியாக அந்த நொடியில் கேமரா, மேடையில் கைதட்டிக்கொண்டிருந்த பெரிய மனிதர் ஒருவரின் தொப்பியைக் காட்டப் போய்விட்டது. மைதானத்துக்குத் திரும்பி வருவதற்குள் குதிரை திரும்பியிருந்தது.

இரண்டாவதை யாரோ ரசிகன் மெதுவாக ஓடவிட்டு, மேளத்தைச் சேர்த்திருந்தான். அதில் மிர்லான் குதிரையின் கழுத்தோடு கழுத்தாகக் குனிந்து ஏதோ சொல்கிறான். குதிரை ஒரு காதைப் பின்னால் சாய்த்து அதைக் கேட்டுக்கொண்டே ஓடுகிறது.

அந்தக் காதைத் தனக்கு மட்டும்தான் கொடுக்கும் என்று எர்கேபாய் எட்டு வருடமாக நம்பியிருந்தான். பார்க்கப் பொறுக்கவில்லை.

"பயம் புகுந்துருச்சு தம்பி. ஒரு தடவ புகுந்தா அப்புறம் போகாது" என்றான்.

மிர்லானின் முகம் வாடிவிட்டது. ஆனாலும் விடவில்லை, விரலால் திரையைத் தள்ளிக்கொண்டே போனான். மூன்று நாளாக அவனுக்கு இதே வேலை. சிலது கடைசி நிமிடத்துக்கு முன்பே முடிந்துவிடுகிறது. சிலது போன வருட ஆட்டம், தலைப்பு மட்டும் இந்த வருடத்தது.

"இன்னொண்ணு இருக்குண்ணே. காலைலதான் யாரோ போட்டிருக்காங்க. கிழக்குக் கேலரி, கொப்பரைக்கு வலப்பக்கம் கம்பி ஓரமா நின்னு எடுத்தது."

"இங்க நெட்டு எடுக்காதுடா" என்றான் எர்கேபாய். கொஞ்சம் அவசரமாகவே சொல்லிவிட்டான்.

எடுத்தது.

படம் ஆடியது. தொப்பிகள், தூசி, எவனோ சூரியகாந்தி விதையைக் கடித்துத் துப்பும் சத்தம். மேளம் கிடையாது, வர்ணனை கிடையாது. குளம்புச் சத்தம் நெருங்கி வந்தது. அதற்கு மேலே, கேமராவுக்கு மிக அருகில், தொண்டை கிழிய ஒரு ஆண் குரல்:

"குலுனும், குலுனும்."

என் குட்டிக்குதிரையே என்று அர்த்தம். இந்தப் பக்கத்தில் பெற்றவர்கள் பிள்ளையைக் கொஞ்சுவதும் கூப்பிடுவதும் அப்படித்தான். எந்தக் கூட்டத்திலும் பத்துப் பேராவது யாரையாவது அப்படி அழைத்துக்கொண்டிருப்பார்கள்.

"யாரோ புள்ளையத் தொலைச்சுட்டாரு போல" என்றான் மிர்லான், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

வாசலில் வேலிக் கம்பம் கிரீச்சிட்டது. குதிரை கயிறு தெறிக்க இழுத்துக்கொண்டு, ஜன்னலைப் பார்த்துக் கனைத்தது.

மிர்லான் நிமிர்ந்து வாசலைப் பார்த்தான். பிறகு கைபேசியை எடுத்து, அந்த இடத்துக்குத் திரும்பிப் போய், சத்தத்தைக் கூட்டி மறுபடியும் போட்டான்.

குரல் மறுபடியும் அழைத்தது. குதிரை மறுபடியும் கனைத்தது. இந்த முறை முன்னங்காலால் மண்ணைக் கீறியது.

மூன்றாவது முறை போடவில்லை. கைபேசியை அணைத்துச் சட்டைப்பையில் வைத்தான். தேநீரைத் தொடாமல் எழுந்து, எர்கேபாயை நேராகப் பார்த்தான்.

"இனிமே ஆட்டத்துப் பக்கம் வராதீங்கண்ணே."

எர்கேபாய் தலையாட்டினான். குதிரை இனி இந்த வாசலுக்கு வராது என்பது அவனுக்கு நன்றாகவே புரிந்தது. முகத்தைத் தொங்கப் போட வேண்டிய நேரம் அது, அதுவும் தெரிந்தது. ஆனால் குதிரை இன்னும் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்ததால், வந்த சிரிப்பை அவனால் அடக்க முடியவில்லை.