கடைசி வீட்டுச் சுவர்

ஈர ரப்பர் விறகை அடுப்பில் திணித்து ஊதிக்கொண்டிருந்தாள் அம்சவள்ளி. புகை அவள் வீட்டை நிறைத்து, தகர இடுக்கு வழியாக வெளியேறி, தொழிலாளர் வீட்டு வரிசையான லயம் முழுக்கப் பரவியது. அதுவும் மியூசியத்து ஆள் வரும் நாளில்.

"ஏம்மா, அவனவன் வீட்டக் கழுவி விட்டிருக்கான். நீ கரி பூசிக்கிட்டிருக்கியா?" என்று வெளியிலிருந்து இருமினார், தோட்டத்து வேலையை மேற்பார்க்கும் மண்டோர் காளியண்ணன்.

"கொசுத் தொல்ல தாங்கல லா, மண்டோரண்ணே!"

எண்பத்து நாலாம் வருடம், புக்கிட் ரோத்தானுக்கு உள்ளே தள்ளியிருந்த அந்த ரப்பர் தோட்டத்தில் இரண்டு மாதமாக ஒரே பேச்சுதான். கோலாலம்பூரில் திறக்கப்போகும் மியூசியத்துக்குத் தோட்டத்து லய வீடு ஒன்று வேண்டுமாம். பலகை பலகையாகக் கழற்றி, லோரியில் ஏற்றிக்கொண்டுபோய், அங்கே அப்படியே நிறுத்துவார்களாம்.

வீட்டைக் கொடுக்கிற குடும்பத்துக்கு ரோட்டோரத்தில் கட்டி முடித்த கல் வீடு. இருப்பது ஒன்றுதான். மற்றவர்களுக்கு எப்போது என்பது ஆபீஸில் கணக்கெழுதும் கிராணிக்கே தெரியாது.

அம்சவள்ளிக்கு அந்தக் கல் வீடு வேண்டும். மழை பெய்தால் அவளுடைய நான்கு பிள்ளைகளும் உட்கார்ந்தபடியேதான் தூங்கும்.

காளியண்ணனுக்கும் வேண்டும். அதற்காகப் பழைய பலகையை எல்லாம் பிடுங்கி எறிந்துவிட்டு, புதுப் பலகை அடித்து, நீலச் சாயமும் பூசியிருந்தார். மண்டோரே செய்தால் மற்றவர்கள் சும்மா இருப்பார்களா? லயமே சுத்தியலைத் தூக்கியது.

"எங்கப்பா காலத்துப் பலகைடா. சின்னப் பையனா இருக்கறப்ப அதுல கத்தியால கோழிப் படம் கீறி, முதுகுல நாலு வாங்கினேன். அதையே தூக்கிப் போட்டுட்டேன்னா பாத்துக்க," என்று முருகையாவிடம் பெருமையடித்தார்.

முருகையா, அம்சவள்ளியின் கணவன். வீங்கிப் போன கட்டைவிரலில் துணி சுற்றியிருந்தான். கதவில் நசுங்கிவிட்டதாம்.

"தூக்கிப் போட்டதெல்லாம் வீணாப் போகல," என்றாள் காளியண்ணனின் மனைவி லீலாவதி. "எல்லா வீட்டுதையும் அம்சவள்ளிதான் அடுப்புக்குன்னு அள்ளிக்கிட்டுப் போனா."

பத்து மணிக்கு ஜீப் வந்தது. இறங்கியது ஒரு பெண். குட்டை முடி, பேண்ட், கையில் அளவு நாடா. பெயர் ரமணி என்றார். 'டவுன் பிள்ளை, இதுக்கு என்ன தெரியப்போவுது' என்று காளியண்ணன் அப்போதே முடிவு கட்டிவிட்டார்.

நீல வீட்டின் முன்னால் அரை நிமிடம் நின்றார் ரமணி. "அழகா இருக்கு அங்கிள். ஆனா எல்லாமே புதுசா இருக்கே."

அடுத்த வீட்டிலும் அதையே சொன்னார். அதற்கடுத்த வீட்டிலும் அதேதான். காளியண்ணன் முகம் அவர் பூசிய சாயத்தின் நிறத்துக்கே வந்துகொண்டிருந்தது.

மிஞ்சியது கடைசி வீடு, அம்சவள்ளியுடையது. ரமணி நேராகப் பின்கட்டுச் சமையலறைக்குப் போய், அடுப்பு முன் காலை மடக்கிக் குந்தினார். அந்தப் புகையிலும் அவர் கண் கலங்கவில்லை. கரி படிந்த பலகையைத் தட்டிப் பார்த்தார், ஆணித் தலை ஒன்றை விரலால் தடவினார், முருகையாவின் கையையும் ஒரு தடவை பார்த்தார். பிறகு கைக்குட்டையால் கரியைத் துடைத்தார்.

"இந்தக் கோழிய யாரு கீறினது?"

பின்னாலிருந்து எட்டிப் பார்த்த காளியண்ணனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அது அவருடைய கோழி. ஒற்றைக் கால், விசிறி மாதிரி வால். அடுப்புக்கென்று போன பலகை அடுப்புக்கு மேலே சுவராக நின்றது.

அம்சவள்ளி ஊதுகுழலை இறுகப் பிடித்துக்கொண்டாள். காளியண்ணன் ஒரு வார்த்தை சொன்னால் போதும், கல் வீடு போய்விடும்.

காளியண்ணன் வாயைத் திறந்தார். லீலாவதி அவர் காலை ஓங்கி மிதித்தாள்.

"அந்தப் புள்ளைங்க ஒக்காந்துகிட்டே தூங்குதுங்க," என்றாள், அவர் காதுக்கு மட்டும் கேட்கும்படி.

காளியண்ணன் மிதிபட்ட காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். "அது... நம்ம முருகையா கீறினது மிஸ். சின்ன வயசுல கத்தி கையில கெடச்சா சும்மா இருக்க மாட்டான். அவங்கப்பாகிட்ட நல்லா வாங்கினான்."

சொல்லிவிட்டாரே தவிர, மனசு கேட்கவில்லை. "ஆனா கோழி நல்லா வந்திருக்கு, இல்ல மிஸ்?"

"ரொம்ப நல்லா வந்திருக்கு." ரமணி நோட்டில் எழுதிக்கொண்டே எழுந்தார். "இந்த வீடுதான். பலகை எல்லாம் இந்த லயத்தோடதுதான், எழுபது வருசத்துக்குக் கொறையாது. ஆபீஸ்ல சொல்லிடறேன்."

அம்சவள்ளி அழுதாள். கேட்டதற்குப் புகை என்றாள்.

வாசலுக்கு வந்ததும் காளியண்ணன் முருகையாவின் முதுகில் ஒரு போடு போட்டார். கல் வீடு போனாலும், தன் கோழி கோலாலம்பூர் போவதில் அவருக்கு ஒரு தெம்பு.

"படிச்ச புள்ள, பாவம். அப்படியே நம்பிடுச்சுடா!"

ஜீப்பில் ஏறிய ரமணி முருகையாவைக் கைகாட்டி அழைத்தார். அவன் பக்கத்தில் வந்ததும் குரலைத் தாழ்த்தினார்.

"லோரி வர்றதுக்குள்ள ஆணிய மட்டும் பழசா மாத்திடுங்கண்ணே, இந்தத் தடவ வெரலப் பாத்து அடிங்க."